போர்ட்டல் கன்: கையில் பெறுவதும் பழகுவதும்

போர்ட்டல் என்ற கணினிப் புதிர் விளையாட்டில் உங்கள் கைக்கு வரப்போகும் கருவி ஒன்றே ஒன்றுதான். அதைப் போர்ட்டல் கன் என்று எல்லோரும் சொல்கிறார்கள். பெயரில் துப்பாக்கி இருந்தாலும் அதிலிருந்து குண்டு வராது. சுவரிலோ தரையிலோ கூரையிலோ குறிபார்த்து அழுத்தினால் அந்த இடத்தில் ஆள் நுழையும் அளவுக்கு நீள்வட்டமான ஒரு வாசல் திறக்கும். நீல நிறத்தில் ஒன்றும் ஆரஞ்சு நிறத்தில் ஒன்றுமாக இரண்டு வாசல்களைத் திறந்துவிட்டால், ஒன்றில் நுழைந்து மற்றதில் வெளியே வரலாம். நடுவில் எத்தனை தூரம் இருந்தாலும் நீங்கள் எடுத்து வைப்பது ஒரே ஓர் அடிதான்.

சென்ற மே மாதம் கிருஷ்ணகிரியில் அக்கா வீட்டில் தங்கியிருந்தபோது, அவள் பிள்ளைகள் இருவருக்கும் பக்கத்து வீட்டுப் பையனுக்கும் இந்த விளையாட்டைச் சொல்லிக் கொடுத்தேன். மூவரும் கைப்பேசியில் ஓட்டப் பந்தயமும் சுடுகின்ற விளையாட்டும் ஆடிப் பழகியவர்கள். கணினியில் புதிர் விளையாட்டு அவர்களுக்குப் புதிது. அவர்கள் எங்கெங்கே திணறினார்கள் என்பதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்ததால்தான் இதை எழுத முடிகிறது. புதிர்களின் விடைகளை இங்கே வரிசையாகச் சொல்லப் போவதில்லை. விடையைப் படித்துவிட்டு ஆடினால் இந்த விளையாட்டில் மிச்சம் ஒன்றுமே இருக்காது. கருவியை எப்படிப் பெறுவது, கிடைத்த பிறகு அதை எப்படிக் கையாள்வது என்பதை மட்டும் சொல்கிறேன்.

தொடங்குவதற்கு முன்

வால்வ் நிறுவனம் 2007 அக்டோபரில் 'ஆரஞ்சு பாக்ஸ்' என்ற தொகுப்பின் ஒரு பகுதியாக இதை வெளியிட்டது. அதற்கு முன், 2005இல், டிஜிபென் கல்லூரி மாணவர்கள் சிலர் 'நர்பாகுலர் டிராப்' என்ற சிறிய விளையாட்டை உருவாக்கியிருந்தார்கள். இரண்டு வாசல் என்ற எண்ணம் அதில் பிறந்ததுதான். அதைப் பார்த்த வால்வ் அந்த மாணவர்களை வேலைக்கு எடுத்துக்கொண்டது. இவ்வளவு பழைய விளையாட்டு என்பது நமக்கு நன்மையே. 512 எம்பி ரேம் இருந்தாலே போதும் என்று அக்காலத்தில் கேட்ட விளையாட்டு என்பதால், கல்லூரிப் படிப்புக்காக வாங்கிப் பல ஆண்டுகள் ஆன மடிக்கணினியிலும் இது தடங்கலின்றி ஓடும்.

இணையத்தில் கணினி விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் கடையில் ரூபாயிலேயே விலை போட்டிருப்பார்கள். அவ்வப்போது நடக்கும் தள்ளுபடி விற்பனைவரை பொறுத்திருந்தால் மிகக் குறைந்த விலைக்குக் கிடைக்கும். ஒன்றில் மட்டும் எச்சரிக்கையாக இருங்கள். 'போர்ட்டல் வித் ஆர்டிஎக்ஸ்' என்று 2022இல் வந்த பதிப்பு ஒன்று அங்கேயே இருக்கிறது. மூல விளையாட்டை வைத்திருப்பவர்களுக்கு அது இலவசம் என்பதால் பலர் அதை இறக்கிவிடுகிறார்கள். விலை உயர்ந்த கிராபிக்ஸ் கார்டு உள்ள கணினிகளுக்காகச் செய்யப்பட்டது அது. சாதாரண மடிக்கணினியில் அதைத் திறந்துவிட்டு விளையாட்டையே குறை சொல்லாதீர்கள். பழைய, வெறும் 'போர்ட்டல்' என்று பெயரிட்டிருப்பதையே இறக்குங்கள். பகலில் இணையம் இழுக்கும் வீடுகளில் இரவில் இறக்கத்துக்குப் போட்டுவிட்டுத் தூங்குவதுதான் எங்கள் வழக்கம். ஒருமுறை இறக்கி, ஒருமுறை திறந்து பார்த்துவிட்டால், பிறகு ஸ்டீமின் ஆஃப்லைன் முறையில் இணையம் இல்லாமலேயே ஆடலாம்.

அமைப்புகளில் இரண்டை மாற்றிக்கொள்ளுங்கள். ஒலிப் பகுதியில் உள்ள வசன எழுத்துகளை இயக்குங்கள். விளையாட்டு முழுவதும் கிளாடோஸ் என்ற இயந்திரக் குரல் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டே இருக்கும், அதை எழுத்தாகப் படித்தால் பிள்ளைகளுக்கும் எளிதில் புரியும். மவுஸின் வேகத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள். இங்கே வேகமாகத் திரும்ப வேண்டிய தேவை மிகக் குறைவு, நிதானமாகக் குறிவைக்க வேண்டிய தேவையே அதிகம். சிலருக்குத் தலை சுற்றும், குமட்டும். வாசலில் நுழைந்ததும் மேல் கீழாகவும் கீழ் மேலாகவும் மாறுவதால் ஏற்படுவது அது. அறையில் விளக்கைப் போட்டுவிட்டு, திரையிலிருந்து சற்றுத் தள்ளி உட்கார்ந்து, ஓர் அறை முடிந்ததும் எழுந்து தண்ணீர் குடித்துவிட்டு வந்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். சரியாகவில்லை என்றால் அன்றைக்கு அத்துடன் நிறுத்திவிடுவதே நல்லது. பிடிவாதம் பிடித்து ஆடியதில் அக்கா மகள் ஒரு மாலை முழுவதும் படுத்துக் கிடந்தாள்.

விசைகள் மிகவும் குறைவு. டபிள்யூ, ஏ, எஸ், டி ஆகிய நான்கும் நடக்க, ஸ்பேஸ் குதிக்க, கண்ட்ரோல் குனிய, ஈ பொருளை எடுக்கவும் வைக்கவும் சுவிட்சை அழுத்தவும். மவுஸின் இடப் பொத்தான் நீல வாசலுக்கு, வலப் பொத்தான் ஆரஞ்சு வாசலுக்கு. எஃப் 6 அழுத்தினால் அந்த நொடியில் சேவ் ஆகும். எஃப் 9 அழுத்தினால் அந்த இடத்துக்கே திரும்பலாம். எங்கள் ஊரில் கோடையில் மின்சாரம் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. ஆகவே, பேட்டரி சரியில்லாத கணினியில் ஆடுகிறவர்கள் எஃப் 6ஐ மறக்கவே கூடாது.

கருவி கைக்கு வருவதற்கு முன்

ஆட்டத்தைத் தொடங்கியதும் கண்ணாடியால் அடைக்கப்பட்ட ஒரு சிறிய அறையில் கண்விழிப்பீர்கள். கதவே இருக்காது. புதிதாக ஆடுகிறவர்கள் இங்கே கண்ணாடியை முட்டிப் பார்ப்பார்கள், எல்லாப் பொத்தான்களையும் அழுத்திப் பார்ப்பார்கள். ஒன்றும் செய்யத் தேவையில்லை. குரல் பேசி முடித்து, எண்ணிக்கை முடிந்ததும், சுவரில் தானாகவே ஒரு வாசல் திறக்கும்.

திறந்தவுடன் ஓடிவிடாதீர்கள். அதன் முன்னால் நின்று உள்ளே பாருங்கள். அங்கே ஒரு பெண் நின்றுகொண்டிருப்பாள். நீங்கள் இடப்பக்கம் நகர்ந்தால் அவளும் நகர்வாள். அவள்தான் நீங்கள்; செல் என்பது அவள் பெயர். உங்கள் அறைக்கு வெளியே இருக்கும் மற்றொரு வாசல் வழியாக உங்களையே நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள். அக்கா மகன் இதை ஒரு கண்ணாடி என்றே முதலில் எடுத்துக்கொண்டான். கண்ணாடியாக இருந்தால் முகம் தெரியும், இங்கே முதுகும் பக்கவாட்டும் தெரிகிறதே என்று கேட்டபோதுதான் நின்று யோசித்தான். அந்த ஒரு நிமிடத்தில் அவனுக்குப் புரிந்ததுதான் இந்த விளையாட்டின் அடிப்படை. வாசல் என்பது படமோ மாயக் கதவோ அன்று. சுவரில் போட்ட ஓட்டை, அந்த ஓட்டையின் மறுபக்கம் வேறோர் இடத்தில் இருக்கிறது, அவ்வளவுதான். ஓட்டை வழியாக ஒளி வரும், பொருள் வரும், ஆளும் வரலாம்.

00, 01 என்று எண்ணிட்ட முதல் இரண்டு சோதனை அறைகளிலும் உங்கள் கையில் கருவி இருக்காது. தரையில் பதித்த பெரிய சிவப்புப் பொத்தானின் மேல் கனமான பெட்டியை வைத்தால் கதவு திறக்கும் என்பதை முதல் அறை கற்பிக்கும். இரண்டாவது அறையில் ஒரு வாசல் இருந்த இடத்திலேயே நிற்க, மற்றது தானாக இடம் மாறிக்கொண்டே இருக்கும். எந்த நேரத்தில் நுழைந்தால் எங்கே போய்ச் சேருவீர்கள் என்று பார்த்து நுழைய வேண்டும். இவற்றை ஐந்தே நிமிடத்தில் முடித்துவிடலாம். ஆனால் பொத்தானிலிருந்து கதவுவரை சுவரிலும் தரையிலும் புள்ளி புள்ளியாக ஒரு கோடு ஓடுவதை இங்கேயே கவனித்துக்கொள்ளுங்கள். பொத்தான் அழுந்தாதபோது அது நீலமாகவும், அழுந்தியதும் ஆரஞ்சாகவும் இருக்கும். எந்தப் பொத்தான் எந்தக் கதவைத் திறக்கிறது என்பதை இந்தக் கோடு கடைசிவரை உங்களுக்குச் சொல்லிக்கொண்டே இருக்கும்.

கருவியின் முதல் பாதி

02 எண்ணிட்ட அறையில்தான் கருவி இருக்கிறது. ஒரு பீடத்தின் மேல் அது மெல்லச் சுழன்றபடி, ஒவ்வொரு திசையாகச் சுவர்களில் நீல வாசலைச் சுட்டுக்கொண்டிருக்கும். அந்த ஒளி உங்கள்மேல் பட்டால் ஒன்றும் ஆகாது, பயப்பட வேண்டாம். சுழற்சியைச் சிறிது நேரம் பார்த்துவிட்டு, அருகில் போனால் கருவி உங்கள் கைக்கு வந்துவிடும்.

இப்போது கிடைத்திருப்பது முழுக் கருவி அன்று, பாதிதான். நீல வாசலை மட்டுமே உங்களால் திறக்க முடியும். ஆரஞ்சு வாசலை ஒவ்வோர் அறையும் தானே ஓரிடத்தில் திறந்து வைத்திருக்கும். இதைக் குறை என்று நினைக்கிறவர்கள் உண்டு. எனக்கு இது மிகச் சிறந்த ஏற்பாடாகவே படுகிறது. இரண்டையும் ஒரே நேரத்தில் கையில் கொடுத்திருந்தால், புதியவர்கள் எதை எங்கே வைத்தோம் என்றே குழம்பிப் போயிருப்பார்கள். ஒன்று அசையாமல் நிற்பதால், 'ஆரஞ்சு வாசல் எங்கே இருக்கிறது, அங்கே போய்ச் சேர நான் எங்கே நீலத்தைத் திறக்க வேண்டும்' என்று ஒரே கேள்வியை மட்டும் கேட்டுக்கொண்டால் போதும். ஆகவே 03 முதல் 10 வரையிலான அறைகளில், உள்ளே நுழைந்தவுடன் சுடாதீர்கள். முதலில் ஆரஞ்சு வாசலைத் தேடிக் கண்டுபிடியுங்கள்.

அடுத்து, சுவர்களைப் பார்க்கக் கற்றுக்கொள்ள வேண்டும். இதை நான் மிகவும் வலியுறுத்திச் சொல்வேன். பிள்ளைகள் மூவரும் திணறியது கருவியைப் பயன்படுத்தத் தெரியாமல் அன்று, கருவி எங்கே வேலை செய்யாது என்று பார்க்காமல்தான். வெளிர் நிறத்தில், சிமெண்டுப் பலகைபோல் இருக்கும் சுவர், தரை, கூரை ஆகியவற்றில் வாசல் திறக்கும். கருமையான உலோகப் பலகைகளில் திறக்காது. பொறி பறந்து அணைந்துவிடும். கண்ணாடியில் திறக்காது, கண்ணாடியைத் தாண்டி மறுபக்கமும் சுட முடியாது. நகர்ந்துகொண்டிருக்கும் பலகையில் நிற்காது. அறையைக் கட்டியவர்கள் வேண்டுமென்றேதான் ஓர் இடத்தை வெளிராகவும் இன்னோர் இடத்தைக் கருமையாகவும் விட்டிருக்கிறார்கள். சுற்றிலும் உலோகமாக இருக்கும் ஓர் அறையில், உயரத்தில் ஒரே ஒரு வெளிர்ப் பலகை மட்டும் தனியாகத் தெரிகிறது என்றால், அந்த அறையின் விடையில் பாதி அங்கே இருக்கிறது.

திரையின் நடுவில் உள்ள குறியையும் பழகிக்கொள்ளுங்கள். அது நீலமும் ஆரஞ்சுமாக இரண்டு வளைவுகளால் ஆனது. நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கும் இடத்தில் வாசல் திறக்கும் என்றால் அந்த நிறத்து வளைவு நிரம்பித் தெரியும். திறக்காது என்றால் வெறும் கோடாகத் தெரியும். தொலைவில் உள்ள சுவர் வெளிரா கருமையா என்று கண்ணுக்குத் தெளிவாகத் தெரியாத இடங்களில் இதை நம்பலாம். பலகையின் ஓரத்தில் சுட்டாலும் இடம் போதுமானதாக இருந்தால் வாசல் தானே சற்று நகர்ந்து உள்ளே அமர்ந்துகொள்ளும், எனவே மயிரிழை பிசகாமல் குறிவைக்க வேண்டிய அவசியம் இல்லை.

வேறு சில விதிகளும் உண்டு. ஒரே நிறத்தில் மறுபடி சுட்டால் பழைய வாசல் மறைந்து புதியது திறக்கும். நீலத்தில் நுழைந்து ஆரஞ்சில் வரலாம், ஆரஞ்சில் நுழைந்து நீலத்திலும் வரலாம். நுழைவதற்கு ஒன்று, வெளியேறுவதற்கு ஒன்று என்று எதுவும் கிடையாது. ஒரு வாசல் வழியாக மறுபக்கத்துச் சுவர் தெரிகிறதே என்று அதற்குள் சுட்டுப் பார்த்தால் ஒன்றும் நடக்காது. கருவியின் ஒளி வாசலைத் தாண்டிப் போகாது. ஒவ்வோர் அறையின் முடிவிலும் நீர்ப்படலம்போல் மினுங்கும் ஒரு திரை இருக்கும். அதைக் கடந்தால் நீங்கள் திறந்த வாசல்கள் எல்லாம் அழிந்துவிடும், கையில் பெட்டி இருந்தால் அதுவும் கரைந்துபோகும். உங்களுக்கு அதனால் தீங்கு இல்லை. பெட்டியை அடுத்த அறைக்கும் எடுத்துப் போகலாம் என்று பக்கத்து வீட்டுப் பையன் மூன்று முறை முயன்றான். அதை முன்கூட்டியே சொல்லாதது என் தவறு.

ஒளிரும் உருண்டை

06ஆம் அறையிலிருந்து ஒளிரும் உருண்டை ஒன்று வரும். ஒரு குழாயிலிருந்து புறப்பட்டு நேர்கோட்டில் போய்ச் சுவரில் மோதித் திரும்பும். சிறிது நேரத்தில் வெடித்து மறைய, குழாயிலிருந்து புதியது வரும். அதை ஒரு குறிப்பிட்ட கிண்ணத்துக்குள் விழச் செய்தால் நின்றுபோன மேடையோ கதவோ இயங்கத் தொடங்கும். உங்கள்மேல் பட்டால் உயிர் போய்விடும். உருண்டையைத் துரத்தாதீர்கள். அது மோதும் சுவரில் கருகிய தடம் ஒன்று விழுந்திருக்கும்; அந்தத் தடத்தின் மேலேயே ஒரு வாசலைத் திறந்துவிட்டால் உருண்டை தானாக உள்ளே போகும். மற்ற வாசல் கிண்ணத்துக்கு நேர் எதிரே இருக்க வேண்டும், அவ்வளவுதான். அழுக்கு நீர் தேங்கிய குழிகளும் இதே கட்டத்தில் வரும். அவற்றில் விழுந்தால் பிழைக்க முடியாது.

வீழ்ச்சியை வேகமாக்குதல்

10ஆம் அறை வந்ததும் நிதானமாக ஆட வேண்டும். இந்தக் கருவியின் உண்மையான வலிமை இங்கேதான் வெளிப்படுகிறது.

விதி எளியது. வாசலுக்குள் நீங்கள் எவ்வளவு வேகத்தில் நுழைகிறீர்களோ, அதே வேகத்தில் மறு வாசலிலிருந்து வெளிவருவீர்கள். வேகம் மாறாது, திசை மட்டும் மாறும். வெளிவரும் வாசல் எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருக்கிறதோ அந்தப் பக்கம் தூக்கி எறியப்படுவீர்கள். ஆகவே, பள்ளத்தின் தரையில் ஒரு வாசலும் உயரமான சுவரில் மற்றொரு வாசலும் இருந்து, மேலிருந்து பள்ளத்துக்குள் நீங்கள் குதித்தால், கீழ்நோக்கி விழுந்த வேகம் முழுவதும் சுவரிலிருந்து முன்னோக்கிப் பாயும் வேகமாக மாறிவிடும். நடந்து கடக்க முடியாத இடைவெளியைப் பறந்து கடந்துவிடலாம். செல்லின் கால்களில் சுருள்வில் பொருத்தியிருப்பதால் எவ்வளவு உயரத்திலிருந்து தரையில் விழுந்தாலும் அடிபடாது. குதிக்கத் தயங்கவே வேண்டாம்.

பிள்ளைகளுக்கு இது பிடிபடவில்லை. கீழே விழுந்தால் எப்படிப் பக்கவாட்டில் பறக்க முடியும் என்று திரும்பத் திரும்பக் கேட்டார்கள். பிறகு கிருஷ்ணகிரியின் கே.ஆர்.பி. அணையை நினைவுபடுத்தினேன். அந்த அணையின் முழு நீர்மட்டம் 52 அடி. மட்டம் உயர்ந்து நிற்கும்போது மதகைத் திறந்தால் தண்ணீர் எவ்வளவு தூரம் பாய்ந்து விழுகிறது, மட்டம் இறங்கிய பிறகு அதே மதகில் எவ்வளவு சோர்ந்து வழிகிறது என்பதை மூவரும் பார்த்திருக்கிறார்கள். தண்ணீரை யாரும் முன்னோக்கித் தள்ளவில்லை. மேலே நிற்கும் நீரின் உயரம்தான் மதகில் பாய்ச்சலாக மாறுகிறது. இங்கே நீங்கள்தான் அந்தத் தண்ணீர், பள்ளம்தான் அணை, சுவரில் உள்ள வாசல்தான் மதகு. இதைச் சொன்னதும் அக்கா மகள், "அப்போ இன்னும் மேல ஏறிக் குதிச்சா இன்னும் தூரம் போகும், இல்ல சித்தி?" என்றாள். சரியான கேள்வி அது. போகும், ஆனால் அவள் நினைத்த அளவுக்கு அன்று. வேகம் இரண்டு மடங்காக வேண்டும் என்றால் குதிக்கும் உயரம் நான்கு மடங்காக வேண்டும். பள்ளிக்கூட இயற்பியலில் படிக்கும் அதே கணக்குத்தான் இந்த விளையாட்டிலும். அதனால்தான் சில அறைகளில் ஓரடி ஈரடி உயர்ந்து பயன் இல்லை, நன்றாக உயர்ந்த ஒரு மேடையையே தேடிப் போக வேண்டியிருக்கிறது.

செய்யும் முறை இது. முதலில், நீங்கள் போய்ச் சேர வேண்டிய இடத்தைப் பாருங்கள். அதற்கு நேர் எதிரே, அதைப் பார்த்தபடி இருக்கும் வெளிர்ச் சுவரைக் கண்டுபிடியுங்கள். 10ஆம் அறையில் ஆரஞ்சு வாசல் அப்படிப்பட்ட ஒரு சுவரில் ஏற்கெனவே இருக்கும். பிறகு, குதிப்பதற்கு ஏற்ற பள்ளத்தின் விளிம்பில் நின்று, கீழே தரையில் நீல வாசலைத் திறந்து, எஃப் 6 அழுத்திவிட்டு, விளிம்பைத் தாண்டி ஓர் அடி வையுங்கள். விழத் தொடங்கியதும் நடக்கும் விசைகளை விட்டுவிடுங்கள். விழும் ஆளை வாசலின் நடுப்பகுதிக்குச் சற்றே இழுத்துவிடும் ஏற்பாடு விளையாட்டிலேயே இருக்கிறது. பதற்றத்தில் விசைகளை அழுத்திக்கொண்டிருந்தால் அந்த உதவியைக் கெடுத்து, வாசலின் ஓரத்தில் போய் விழுவீர்கள். வெளியே பறந்து வந்த பிறகு, கால் ஊன்ற வேண்டிய இடத்தை நோக்கிச் சற்றே விசையை அழுத்தினால் போதும். ஓடிவந்து தாவிக் குதிப்பது பெரும்பாலும் தேவையற்றது. தாவினால் வாசலைத் தாண்டிப் போய் விழும் ஆபத்துதான் அதிகம்.

தவறினால் பெரும்பாலும் காரணம் மூன்றில் ஒன்றாகத்தான் இருக்கும்: குதித்த உயரம் போதவில்லை, வெளிவரும் வாசல் வேறு பக்கம் பார்க்கிறது, அல்லது வாசலுக்குள் விழாமல் ஓரத்தில் இடித்துக்கொண்டீர்கள். மூன்றாவதுதான் அடிக்கடி நிகழ்வது. அதற்குப் பழக்கம் ஒன்றே மருந்து.

கருவியின் மறுபாதி

11ஆம் அறையில் ஆரஞ்சு வாசலைத் திறக்கும் திறனும் உங்களுக்குக் கிடைக்கும். முதல் முறை போலவே ஒரு பீடத்தில் இருக்கும். ஆனால் இம்முறை நடந்து போய் எடுத்துவிட முடியாது. அதுவரை கற்ற உருண்டை வித்தையைப் பயன்படுத்தி வழியை உண்டாக்கிக்கொண்டுதான் அதை அடைய வேண்டும். எடுத்த பிறகு இடப் பொத்தானில் நீலம், வலப் பொத்தானில் ஆரஞ்சு, இரண்டும் உங்கள் விருப்பம்.

அடுத்த அறைக்கு ஓடுவதற்கு முன் அரை மணி நேரம் வெறுமனே பழகுங்கள். பக்கத்துப் பக்கத்துச் சுவர்களில் ஒவ்வொரு வாசலைத் திறந்து, ஒன்றுக்குள் எட்டிப் பார்த்து உங்கள் முதுகைப் பாருங்கள். தரையிலும் கூரையிலும் வாசல் திறக்கும் இடம் கிடைத்தால், காலடியில் ஒன்று, தலைக்கு நேர் மேலே ஒன்று என்று திறந்து பாருங்கள். முடிவே இல்லாமல் விழுந்துகொண்டே இருப்பீர்கள். "சித்தி, இன்னும் விழுந்துக்கிட்டே இருக்கேன்!" என்று அக்கா மகன் கத்திய கத்தலில் அடுப்படியில் இருந்த அவன் அம்மா பதறி ஓடிவந்தாள். வேடிக்கைக்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. அப்படி விழுந்துகொண்டிருக்கும்போதே கூரை வாசலை வேறு ஒரு சுவருக்கு மாற்றிச் சுட்டால், சேர்த்துவைத்த வேகம் முழுவதும் அந்தச் சுவரிலிருந்து உங்களைத் தூக்கி எறியும். உயரமான மேடை இல்லாத இடத்திலும் வேகத்தை நீங்களே உண்டாக்கிக்கொள்ள இது வழி.

தரையில் இரண்டு வாசல்களையும் ஒரே மட்டத்தில் திறந்தும் பாருங்கள். ஒன்றில் குதித்தால் மற்றதிலிருந்து மேல்நோக்கி எழும்பி, நீங்கள் எந்த உயரத்திலிருந்து குதித்தீர்களோ ஏறத்தாழ அதே உயரத்துக்கு வருவீர்கள். 12ஆம் அறையில் ஒரு பாய்ச்சல் போதாமல், ஒரு பாய்ச்சலின் வேகத்தை அடுத்த வீழ்ச்சிக்கு முதலீடாக்கி மேலும் உயர வேண்டியிருக்கும். அங்கே நடுவானில் வாசலை மாற்றிச் சுடும் பழக்கம் கைகொடுக்கும். ஒரு நிறத்தை எப்போதும் 'நுழையும் வாசல்' என்றும் மற்றதை 'வெளிவரும் வாசல்' என்றும் உங்களுக்குள் வைத்துக்கொண்டால், வானில் பறக்கும்போது எந்தப் பொத்தானை அழுத்துவது என்ற தடுமாற்றம் வராது. விளையாட்டு இதைக் கேட்கவில்லை. எங்கள் வீட்டில் நாங்கள் வைத்துக்கொண்ட வழக்கம் இது, மிகவும் உதவியது.

16ஆம் அறையில் வெள்ளை நிறத்தில், மூன்று காலில் நின்று சுடும் காவல் இயந்திரங்கள் வரும். சிவப்புக் கதிர் ஒன்று அவை பார்க்கும் திசையைக் காட்டும். உங்கள் கருவி குண்டு சுடாது என்றாலும் அவற்றைச் சாய்த்துவிட்டால் போதும். சில நொடிகள் கண்டபடி சுட்டுவிட்டு அடங்கிவிடும். அவை நிற்கும் தரை வெளிராக இருந்தால் அங்கேயே வாசலைத் திறந்து கீழே விழச் செய்யலாம். தலைக்கு மேலே வாசல் திறந்து அதன் வழியாகப் பெட்டியைப் போடலாம். பின்பக்கமாகப் போய்க் கையால் தூக்கியும் விடலாம், அவற்றுக்குப் பின்னால் பார்வை இல்லை. குண்டடி பட்டால் மறைவிடத்துக்குப் போய்ச் சிறிது நேரம் நின்றால் உடல் தேறிவிடும்.

அகப்பட்டுக்கொண்டால்

எந்த அறையிலாவது அரை மணி நேரத்துக்கு மேல் நின்றுவிட்டால், சுடுவதை நிறுத்துங்கள். வெளியேறும் கதவின் முன்னால் நிற்பதாக நினைத்துக்கொண்டு, அங்கிருந்து பின்னோக்கி வாருங்கள். இந்தக் கதவு திறக்க எது வேண்டும்? புள்ளிக் கோடு எந்தப் பொத்தானுக்குப் போகிறது? அந்தப் பொத்தானுக்குப் பெட்டி வேண்டுமா, நானே நின்றால் போதுமா? பெட்டி எங்கே இருக்கிறது, அதை அடைய எந்த வெளிர்ச் சுவர் உதவும்? ஆடுபுலி ஆட்டத்தில் புலியை எங்கே அடைக்க வேண்டும் என்று முடிவு செய்துவிட்டுத்தான் ஆட்டை நகர்த்துவோம். இங்கும் அதே முறைதான். முன்னோக்கி யோசித்தால் ஒவ்வோர் இடத்திலும் பத்து வழிகள் தெரியும், பின்னோக்கி யோசித்தால் பெரும்பாலும் ஒன்றே ஒன்றுதான் எஞ்சும்.

அறையின் வாயிலில் உள்ள வெளிச்சப் பலகையையும் படியுங்கள். அறையின் எண்ணும், 19 அறைகளில் எத்தனையாவதில் இருக்கிறீர்கள் என்பதும், அதற்குக் கீழே சிறு படங்களும் இருக்கும். எந்தப் படங்கள் எரிகின்றனவோ அவைதான் அந்த அறையில் உள்ளவை: பெட்டி, உருண்டை, பாய்ச்சல், அழுக்கு நீர் என்று. பாய்ச்சல் படம் எரிகிறது, நீங்கள் இன்னும் ஒருமுறைகூடக் குதிக்கவில்லை என்றால், எதை விட்டுவிட்டீர்கள் என்பது தெரிந்துவிடும். 18ஆம் அறை மிக நீண்டது. ஒவ்வொரு பகுதியையும் கடந்ததும் சேவ் செய்துகொள்ளுங்கள். 19ஆம் அறையைப் பற்றி ஒன்றும் சொல்ல மாட்டேன்.

இதை முடித்தவர்கள் 2011இல் வந்த இரண்டாம் பாகத்துக்குப் போகலாம். அங்கும் கருவி இரண்டு தவணையாகத்தான் கிடைக்கும். முதல் அத்தியாயத்தில் சிதைந்து கிடக்கும் பழைய சோதனைக்கூடத்துக்குள் விழுந்த பிறகு ஒரு பாதியையும், இரண்டாம் அத்தியாயத்தில் எரிகூடத்தின் அடியில் மறுபாதியையும் கண்டெடுப்பீர்கள். தனிக்கதை ஒன்று உண்டு. அதைத் தவிர, இருவர் சேர்ந்து ஆடும் பகுதியில் ஆளுக்கொரு கருவி, ஆக மொத்தம் நான்கு வாசல்கள். ஒரே கணினியில் திரையை இரண்டாகப் பிரித்தும் ஆடலாம், ஒருவருக்குக் கீபோர்டும் மவுஸும், மற்றவருக்கு ஒரு கேம்பேடும் வேண்டும். அக்கா வீட்டில் இப்போது கேம்பேடு ஒன்று வாங்கி வைத்திருக்கிறார்கள். பிள்ளைகள் மூவர் என்பதால், விழுந்தவர் எழுந்து அடுத்தவருக்கு இடம் கொடுக்க வேண்டும் என்று அவர்களே விதி வைத்துக்கொண்டு ஆடுகிறார்கள்.